சர்க்கரையும் எலுமிச்சையும் இல்லாத ஃப்ரூட் சாலட்

ஃப்ரூட் சாலட் என்றதும் கை தானாகப் போவது எங்கே? வாழைப்பழம், பப்பாளி, அன்னாசி, மாம்பழம், ஆரஞ்சு, ஒரு ஆப்பிள். மேலே இரண்டு கரண்டி சர்க்கரை. ஆப்பிள் கறுத்துவிடாமல் இருக்க அரை மூடி எலுமிச்சை. இந்தப் பட்டியலை எடுத்துக்கொண்டு கி.மு. 400-ல் ஏதென்ஸ் சந்தைக்குப் போயிருந்தால் ஆப்பிளோடு திரும்பியிருப்பீர்கள். பப்பாளியும் அன்னாசியும் அமெரிக்கக் கண்டத்துச் சரக்கு. அவை கடல் தாண்ட இன்னும் 1900 ஆண்டுகள் இருந்தன. எலுமிச்சை வரவில்லை. நார்த்தங்காய்க்கு உறவான ஒரு பழத்தைப் பாரசீகத்துப் பழம் என்று பின்னால் தெரிந்துகொண்டார்கள். அதையும் யாரும் தின்பதில்லை, துணியில் பூச்சி வராமலிருக்கப் பெட்டிக்குள் போட்டு வைப்பார்கள் என்று எழுதியிருக்கிறார் தியோஃப்ராஸ்டஸ். அரிஸ்டாட்டிலின் மாணவர், தாவரவியலுக்குத் தந்தை என்று சொல்லப்படுபவர். இந்தியாவில் நீண்டு வளைந்த, இனிப்பான ஒரு பழம் இருக்கிறது, தின்றால் வயிற்றைப் பிடுங்கும், அதனால் அலெக்சாந்தர் தன் வீரர்களுக்கு அதைத் தடை செய்தார் என்றும் அவரே எழுதுகிறார். அது வாழையா மாம்பழமா என்று அறிஞர்கள் இன்னும் சண்டை போடுகிறார்கள்.

சர்க்கரை கதையும் அப்படித்தான். அலெக்சாந்தரின் கடற்படைத் தளபதி நியார்க்கஸ், தேனீ இல்லாமலே தேன் தரும் நாணல் இந்தியாவில் உண்டு என்று ஊருக்குச் செய்தி கொண்டுபோனார். பிற்காலத்துக் கிரேக்கர் அதற்கு வைத்த பெயர் சக்கரோன். நம் சர்க்கரையும் அந்தச் சொல்லும் ஒரே வேரில் பிறந்தவை. ஆனாலும் அது அவர்களுக்கு மருந்துப் பொருளாகத்தான் தெரிந்திருந்தது.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பழங்காலக் கிரேக்கர் ஃப்ரூட் சாலட் என்று ஒரு பண்டம் செய்ததாகத் தெரியவில்லை. விருந்து முடிந்ததும் சாப்பாட்டு மேசைகளைத் தூக்கிக்கொண்டு போய்விட்டு, வேறு மேசைகளைக் கொண்டுவந்து போடுவார்கள். அந்த ‘இரண்டாவது மேசை’யில் அத்திப்பழம், திராட்சை, மாதுளை, வால்நட், பாதாம் எல்லாம் மதுவோடு கொறிப்பதற்கு இருக்கும். அவர்கள் அடுக்களையில் இருந்த பொருட்களை மட்டும் வைத்து நாம் ஒரு சாலட் செய்யப் போகிறோம், அவ்வளவுதான். எனக்கு இதில் பிடித்தது வேறு. ஃப்ரூட் சாலட்டுக்கு எப்போதும் இரண்டு தொல்லை: மேலே கறுக்கும், கீழே தண்ணீர் விடும். எலுமிச்சையும் ஃப்ரிட்ஜும் இல்லாத அந்த அடுக்களையில் இரண்டுக்கும் விடை இருந்தது.

முதலில் கறுப்பு. ஒரு ஆப்பிளை வெட்டித் தட்டில் வையுங்கள். கத்தி படாதவரை அந்தப் பழத்தின் ஒவ்வொரு செல்லிலும் இரண்டு தரப்பு தனித்தனி அறையில் இருக்கிறது. ஒரு அறையில் பாலிஃபீனால் ஆக்சிடேஸ் என்ற நொதி, இன்னொன்றில் ஃபீனால் வகைச் சேர்மங்கள். கத்தி இறங்கும்போது சுவர் உடைகிறது, இரண்டும் கலக்கின்றன, வெளியிலிருந்து ஆக்சிஜன் வந்து சேர்ந்துகொள்கிறது. ஃபீனால்கள் குயினோன்களாக மாறி, குயினோன்கள் ஒன்றோடொன்று கோத்துக்கொண்டு பழுப்பு நிறமி ஆகின்றன. நம் தோலுக்கு நிறம் தரும் மெலனின்கூட இந்த வகையறாதான். மழுங்கிய கத்தியால் வெட்டினால் சீக்கிரம் கறுப்பதற்குக் காரணமும் இதுவே. அது வெட்டுவதைவிட நசுக்குவது அதிகம்.

இதை நிறுத்த நொதியை முடக்க வேண்டும். அமிலம் கூடினால் நொதி வேலை செய்யாது. அமிலம் கூடக் கூடக் குறையும் பிஎச் அளவு 3-க்குக் கீழே போனால் ஏறக்குறைய படுத்தே விடும். நாம் அதற்கு எலுமிச்சை பிழிகிறோம். கிரேக்கரிடம் இருந்தது வினிகர். திராட்சை மதுவைக் காற்றுப்படத் திறந்து வைத்தால் பாக்டீரியா அதிலுள்ள ஆல்கஹாலை அசிட்டிக் அமிலமாக்கிவிடும். தமிழில் காடி என்று அழகான பழைய சொல் உண்டு. கிரேக்கத்தில் ஆக்சோஸ், ‘கூர்மையான, புளித்த’ என்ற பொருளுள்ள சொல்லிலிருந்து வந்தது. அதே வேரிலிருந்துதான் 1777-ல் பிரெஞ்சு விஞ்ஞானி லவாய்சியர் ஆக்சிஜனுக்குப் பெயர் வைத்தார். எல்லா அமிலத்திலும் ஆக்சிஜன் உண்டு என்று தவறாக நம்பியதால் வந்த பெயர் அது. ஆக, ஆப்பிளைக் கறுக்க வைப்பதும் அதைத் தடுப்பதும் பெயரளவில் பங்காளிகள்.

கடையில் கிடைக்கும் நிறமில்லாத மலிவு வினிகர் இதற்கு வேண்டாம். வேலை செய்யும்தான், ஆனால் வாசனை ஊறுகாய்ப் பக்கம் இழுத்துவிடும். திராட்சை வினிகரோ ஆப்பிள் வினிகரோ ஒரு மேசைக்கரண்டி போதும்.

அடுத்தது தேன். ஏதென்ஸுக்குப் பக்கத்தில் ஹைமெட்டஸ் என்றொரு மலை. அங்கே தைம் என்ற வாசனைச் செடிகளில் தேனீக்கள் எடுத்த தேனுக்கு அந்தக் காலத்திலேயே தனி மதிப்பு. அந்தத் தைம் வாசனையில் முக்கியப் பங்கு கார்வக்ரால் என்ற சேர்மத்துக்கு. நம் வீட்டுத் தொட்டியில் கற்பூரவள்ளி இருந்தால் அதிலும் கார்வக்ரால்தான் மணக்கிறது. சாதாரணத் தேனில் ஒரு கற்பூரவள்ளி இலையைக் கசக்கிப் போட்டு ஒரு மணி நேரம் வைத்து எடுத்துவிட்டால் ஹைமெட்டஸ் வந்துவிடாது, ஆனால் அந்தத் திசையில் இரண்டு அடி நகரும்.

தேன் சாலட்டில் என்ன செய்கிறது என்பதை ஒரு துண்டு ஆப்பிளில் பார்த்துவிடலாம். துண்டைத் தேனில் புரட்டி ஒரு கிண்ணத்தில் வையுங்கள். கொஞ்ச நேரத்தில் அதைச் சுற்றித் தேன் இளகத் தொடங்கும். அரை மணி நேரத்தில் கிண்ணத்தின் அடியில் தண்ணியான பாகு தேங்கியிருக்கும். துண்டை எடுத்து வளைத்தால் மொடக்கென்று ஒடியாமல் துவளும். பள்ளிக்கூடத்தில் படித்த சவ்வூடு பரவல்தான். ஆப்பிளில் நூற்றுக்கு 85 பங்கு தண்ணீர். தேனில் 17, 18 பங்குதான். மீதி பெரும்பாலும் ஃப்ரக்டோஸும் குளுக்கோஸும். சர்க்கரை அடர்த்தி அதிகமுள்ள பக்கத்துக்குத் தண்ணீர் செல்சவ்வைத் தாண்டி ஓடுகிறது. செல் தண்ணீரை இழந்ததும் உள்ளிருந்து விறைப்பாகத் தாங்கிய அழுத்தம் குறைகிறது. காற்று குறைந்த சைக்கிள் டயர் மாதிரி.

பாக்டீரியாவுக்கும் இதே கதிதான். தேனில் விழுந்தால் அதன் தண்ணீரையும் தேன் உறிஞ்சிவிடும். தேன் கெடாமலிருப்பதன் முக்கிய ரகசியம் அது. ஒரு விதிவிலக்கு: போட்டுலிசம் நோய் தரும் கிருமியின் வித்துகள் தேனுக்குள் தூங்கிக்கொண்டே இருக்கக்கூடும். பெரியவர்களை அவை ஒன்றும் செய்யாது. ஒரு வயது ஆகாத குழந்தைக்கு மட்டும் தேனை நாக்கில் தொட்டு வைக்கக்கூடக் கூடாது.

சரி, அப்படியென்றால் வினிகரையும் தேனையும் சேர்த்துக் கலக்கி முதலிலேயே ஊற்றிவிடலாமா? இங்கேதான் பலரும் கோட்டை விடுகிறார்கள். வினிகர் வெட்டிய கையோடு போக வேண்டும், ஏனென்றால் நொதி காத்திருக்காது. தேன் பரிமாறுவதற்குச் சற்று முன்புதான் போக வேண்டும், ஏனென்றால் பழம் துவண்டுவிடும். நான் முதல் தடவை இரண்டையும் ஒன்றாக ஊற்றி, விருந்தாளி வருவதற்குள் ஒரு பாத்திரம் நிறைய ஆப்பிள் குழம்பு வைத்திருந்தேன்.

தேனுக்கு இணையாக அவர்களிடம் இன்னொரு இனிப்பு இருந்தது: காய்ச்சிக் குறுக்கிய திராட்சைச் சாறு. பதநீரைக் காய்ச்சிக் கருப்பட்டிப் பாகு எடுக்கிற அதே வேலை. பழுத்த திராட்சைச் சாற்றில் ஏறக்குறைய நூற்றுக்கு 18 பங்கு சர்க்கரை இருக்கும். ஒரு லிட்டரைக் கால் லிட்டராகச் சுண்டக் காய்ச்சினால் தேன் அளவுக்கு இல்லாவிட்டாலும் அதை நெருங்கிவிடும், அப்புறம் எளிதில் புளிக்காது. இன்றும் கிரேக்கத்தில் இதைப் பெட்டிமேசி என்று பாட்டிலில் விற்கிறார்கள். சாறு சுண்டும்போது அதன் டார்டாரிக் அமிலமும் அடர்த்தியாகிப் புளிப்பு ஏறும் என்பதால், கிராமங்களில் சுத்தமான விறகுச் சாம்பலைத் துணியில் கட்டிப் போடுவார்கள். சாம்பலின் கால்சியத்தோடு அமிலம் சேர்ந்து உப்பாகி அடியில் படிந்துவிடும். கம்பம் பன்னீர் திராட்சையில் செய்தால் நிறமும் மணமும் அருமையாக வரும். எவர்சில்வர் பாத்திரம் போதும். ரோமானியர்கள் இதை ஈயப் பாத்திரத்தில் காய்ச்சச் சொன்னார்கள். அப்படிச் செய்தால் இன்னும் இனிக்கும்தான், ஆனால் அமிலமும் ஈயமும் சேர்ந்தால் உண்டாகும் ஈய அசிட்டேட் இனிப்பான விஷம்.

அத்திக்கு வருவோம். நம் ஆற்றங்கரை நாட்டு அத்தி வேறு, கடையில் வரும் சீமை அத்தி வேறு. கிரேக்கர் உயிராக நினைத்தது இரண்டாவதை. அதன் காம்பைக் கிள்ளினால் வரும் வெள்ளைப் பாலில் ஃபைசின் என்ற நொதி இருக்கிறது. புரதத்தை வெட்டுவது அதன் வேலை. ஹோமரின் இலியட்டில் போர்க்கடவுளின் காயம் சட்டென்று ஆறியதற்கு உவமை என்ன தெரியுமா? அத்திப்பால் பட்டதும் வெண்மையான பால் திரைவது போல. அந்தக் காலத்து இடையர்கள் பாலாடைக்கட்டி செய்த விதம் அது. பாலில் கேசின் புரதத் திரள்கள் ஒன்றோடொன்று ஒட்டாமல் பார்த்துக்கொள்ளும் மயிர் போன்ற முனைகளை நொதி நறுக்கிவிடும். திரள்கள் ஒட்டிக்கொள்ளும், பால் உறையும். காயில்தான் இந்தப் பால் அதிகம், கனிந்த பழத்தில் குறைவு. ஆகவே சாலட்டோடு தயிரோ பனீரோ வைக்க ஆசைப்பட்டால் நன்றாகக் கனிந்த அத்தியை எடுத்து, காம்புப் பக்கம் தாராளமாக வெட்டி எறியுங்கள். பப்பாளியைப் பாலில் போட்டுக் கசந்துபோன அனுபவம் இருந்தால் காரணம் புரிந்திருக்கும். அங்கே வேலை பார்த்தது பப்பெய்ன் என்ற இதே வகை நொதி.

‘அத்திப்பழத்தைப் பிட்டுப் பார்த்தால் அத்தனையும் சொத்தை’ என்ற பழமொழியைப் படித்திருந்தால் தியோஃப்ராஸ்டஸ் தலையாட்டியிருப்பார். காட்டத்தியைப் பறித்துத் தோட்டத்து அத்திமரத்தில் கட்டித் தொங்கவிட்டால், அதிலிருந்து குட்டிக் குளவிகள் வெளிவந்து தோட்டத்துக் காய்க்குள் புகும், அப்போது காய் உதிராமல் நிற்கும் என்று எழுதியவர் அவர். மகரந்தச் சேர்க்கை எப்படி நடக்கிறது என்று யாருக்கும் சரியாகத் தெரியாத காலம் அது.

கடைசியாக, சென்னைச் சந்தையில் பொதுவாகக் கண்ணில் படாத ஒரு பழம்: குவின்ஸ். மஞ்சளாக, பேரிக்காயும் ஆப்பிளும் கலந்த உருவம். மணம் வீடு நிறையும். பச்சையாகக் கடித்தால் வாயைக் கட்டிப் பிடிக்கும். மணப்பெண் முதலிரவு அறைக்குள் குவின்ஸ் கடித்துவிட்டுப் போக வேண்டும் என்று ஏதென்ஸில் சோலோன் என்ற தலைவர் சட்டமே போட்டதாகக் கிரேக்க எழுத்தாளர் புளூட்டார்க் சொல்கிறார். வாய் மணக்குமாம். வாய் துவர்த்து இழுத்துக்கொள்ளுமே என்று அவர் யோசிக்கவில்லை போலும்.

அந்தத் துவர்ப்புக்குக் காரணம் டானின்கள். உமிழ்நீரில் இருக்கும் வழவழப்பான புரதங்களை அவை பிடித்துக் கட்டிப் படியவைக்கின்றன, நாக்கு சொரசொரக்கிறது. இன்றைய விஞ்ஞானம் இதைச் சுவைக்கணக்கில் சேர்க்காமல் தொடு உணர்வு என்று தள்ளி வைக்கிறது. நாம் அறுசுவையில் சேர்த்தோம். தியோஃப்ராஸ்டஸும் தன் சுவைப் பட்டியலில் ஸ்ட்ரிஃப்னோஸ் என்று துவர்ப்புக்குத் தனி இடம் கொடுத்திருக்கிறார். இந்த விஷயத்தில் என் ஓட்டு பழசுக்கே.

குவின்ஸைத் தேனோடு கொஞ்சம் வினிகர் விட்டு மெல்லிய தீயில் இரண்டு மணி நேரம் வேகவைத்தால் ஒரு வேடிக்கை நடக்கும். வெளிர் மஞ்சள் துண்டுகள் இளஞ்சிவப்பாகி, பிறகு மாணிக்கச் சிவப்பாகும். சாயம் எதுவும் சேர்க்கவில்லை. சங்கிலி சங்கிலியாகக் கோத்திருந்த டானின்களைச் சூடும் அமிலமும் சேர்ந்து உடைக்கின்றன. உடைந்த கண்ணிகள் ஆந்தோசயனிடின் என்ற சிவப்பு நிறமிகளாகின்றன. துவர்ப்பு குறைந்து நிறமாக வந்து நிற்கிறது. குவின்ஸ் கிடைக்காவிட்டால் கொடைக்கானல் பேரிக்காய் எடுங்கள். அதே நறநறப்பு இருக்கும். பேரிக்காயும் சில சமயம் வெந்ததும் ரோஜா நிறம் காட்டும். டப்பாவில் அடைக்கும் தொழிற்சாலைகள் அதைக் குறை என்று ஒதுக்குகின்றன, நாம் கொண்டாடலாம்.

இனி கலக்க வேண்டியதுதான். நாலு பேருக்கு இரண்டு ஆப்பிளை நறுக்கி உடனே வினிகரில் புரட்டுங்கள். விதை எடுத்த கறுப்புத் திராட்சை ஒரு கப், ஒரு மாதுளையின் முத்துகள், நாலாக வெட்டிய ஆறு அத்தி, ஆறவைத்த குவின்ஸோ பேரிக்காயோ. ஒரு சிட்டிகை உப்பு. அது கசப்பை அமுக்கி இனிப்பைத் தூக்கும். பரிமாறும் நேரத்தில் மூன்று மேசைக்கரண்டி தேன், ஒரு கரண்டி திராட்சைப் பாகு, ஒரு கைப்பிடி வறுத்த வால்நட். விருப்பமிருந்தால் துளி திப்பிலிப் பொடி. தியோஃப்ராஸ்டஸ் இரண்டு வகை மிளகைச் சொல்கிறார், ஒன்று உருண்டை, ஒன்று நீளம். நீளமானது நம் திப்பிலி. அவர்களுக்கு அது மருந்து, எனவே மருந்தளவே போதும்.

சாப்பிட்டு முடித்ததும் கிண்ணத்தைக் கழுவப் போட்டுவிடாதீர்கள். பழங்கள் விட்ட தண்ணீர், தேன், வினிகர், மாதுளையின் சிவப்பு எல்லாம் அடியில் தேங்கியிருக்கும். தேனும் வினிகரும் கலந்த அந்தப் பானத்துக்குக் கிரேக்கத்தில் ஆக்சிமெலி என்று பெயர். ஹிப்போகிரட்டிஸ் பெயரால் வழங்கும் மருத்துவ ஏடுகள், சளியை இளக்க நோயாளிக்கு அதைக் கொடுக்கச் சொல்கின்றன. ஒரு பங்குக்கு நாலு பங்கு பானைத் தண்ணீர் ஊற்றிக் கலக்கி, நின்றபடியே குடித்துவிடலாம்.