ஐனுலிந்தலே: தமிழில் என்னவென்று சொல்வது?

‘லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ எழுதிய ஆங்கில எழுத்தாளர் டோல்கீன் படைத்த கற்பனை உலகம் ஒரு சேர்ந்திசையில் தொடங்குகிறது. அந்தச் சேர்ந்திசையின் பெயர் ஐனுலிந்தலே. அவர் மறைந்த பிறகு, மகன் கிறிஸ்டோபர் தொகுத்து 1977இல் வெளியிட்ட ‘சில்மரில்லியன்’ நூலின் முதல் பகுதிக்கும் இதுவே தலைப்பு. ஆகவே இந்தச் சொல் இசையையும் குறிக்கும், அந்த இசையின் வரலாற்றைச் சொல்லும் ஏட்டையும் குறிக்கும். இக்கதையின் முதல் வடிவத்தை, ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதிப் பணியில் இருந்த 1918–1920 காலத்தில் எழுதியதாக டோல்கீனே பின்னாளில் ஒரு கடிதத்தில் குறிப்பிட்டிருக்கிறார். பகலெல்லாம் சொற்களின் வேரைத் தேடியவர், உலகத்தின் வேரில் இசையை வைத்தார்.

சொல்லைப் பிரித்துப் பார்ப்போம். இது குவென்யா மொழிச் சொல். டோல்கீன் தம் கதைகளின் எல்ஃப் இனத்தாருக்காக உருவாக்கிய மொழி அது. பின்னிஷ், இலத்தீன், கிரேக்கம் ஆகியவற்றின் சாயல் அதில் உண்டு. ‘ஐனு’ என்றால் தூயவர். ‘ஐனா’ என்னும் ‘தூய’ என்ற பொருளுடைய சொல்லோடு உறவுடையது. ‘லிந்தலே’ என்றால் இசை. ‘லின்’ என்ற வேருக்குப் பாடுதல் என்று பொருள்.

ஒலிப்பைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். உரோமன் எழுத்தில் இந்தச் சொல்லின் கடைசி உயிரெழுத்தின்மேல் இரண்டு புள்ளிகள் இருக்கும். அந்த எழுத்தை விழுங்காமல் ஒலிக்க வேண்டும் என்பதற்கான குறி அது. தமிழில் அந்தக் கவலையே இல்லை, எழுதியதை ஒலிப்போம். ‘ந்த’ என்ற இடம் இன்னும் அழகு. குவென்யாவில் அந்த மெல்லொலித் தகரம் (உரோமன் எழுத்தில் d) தனித்து வராது. ந், ல், ர் ஆகிய ஒலிகளை அடுத்தே வரும். ‘பந்து’ என்று சொல்லும்போது நம் தகரம் மென்மையாவதுபோலத்தான். ‘ஐனு’வின் பன்மை ‘ஐனுர்’. நம் ‘வானவர்’, ‘மாந்தர்’ போல ரகர ஈறு. இவையெல்லாம் தற்செயலே, உறவு எதுவும் இல்லை. ஆனாலும் தமிழ் நாவுக்கு இந்தச் சொல் அயலாகப் படுவதில்லை.

இனி, தமிழ்ச் சொல். ‘தேவகானம்’ என்ற பெயரே முதலில் நினைவுக்கு வரும். எனக்கு அதில் உடன்பாடில்லை. தேவர் என்றதும் இந்திர சபையும் அவியுணவும் வந்துவிடும். ஐனுரோ இலூவதார் என்ற படைப்புக் கடவுளின் எண்ணத்தில் பிறந்தவர்கள், அவன் முன்னிலையில் பாடியவர்கள். ‘வானோர்’ என்றால், அவர்கள் பாடியபோது வானமே இல்லை. ‘அமரர்’ இன்று இரங்கல் செய்திக்குரிய சொல். ‘புனிதர்’ என்றால் தேவாலயம் கண்முன் நிற்கும். ‘தூயோர்’ என்பதுதான் வேர்ப்பொருளுக்கு மிக அருகில் நிற்கிறது, வேறு கதை எதையும் இழுத்து வருவதும் இல்லை.

இரண்டாம் பகுதிக்கு ‘கானம்’ வேண்டாம். அது இனிமையை மட்டுமே சொல்லும். ‘பல்லியம்’ நல்ல பழஞ்சொல், ஆனால் கருவிகளோடு நின்றுவிடுகிறது. ‘இசை’தான் வேண்டும். ஏன் என்பதற்குக் கதையைப் பார்க்க வேண்டும்.

இலூவதார் ஓர் எடுப்பை, அதாவது பாட்டின் அடிப்படை மெட்டை, தருகிறான். ஐனுர் அதை விரித்துப் பாடுகிறார்கள். அவர்களுள் ஆற்றல் மிகுந்த மெல்கோர் தன் சொந்த நினைப்புகளை நடுவே நுழைக்கிறான். அருகில் இருந்தவர்கள் தடுமாறுகிறார்கள், சிலர் அவன் பக்கம் சேர்ந்துகொள்கிறார்கள். இரண்டாம் எடுப்பையும் அவன் விட்டுவைக்கவில்லை. மூன்றாவதில் இரண்டு இசைகள் நேருக்கு நேர் நிற்கின்றன. ஒன்று ஆழமானது, மெதுவானது, அளவற்ற துயரம் கலந்தது. அந்தத் துயரமே அதன் அழகு. மற்றொன்று ஒரு சில சுரங்களையேத் திரும்பத் திரும்ப முழக்கும் எக்காளக் கூட்டம். அது உரக்க ஒலித்து மற்றதை மூழ்கடிக்கப் பார்க்கிறது. ஆனால் அதன் வெற்றி முழக்கங்களையே அந்தத் துயர இசை எடுத்துத் தன் கோலத்துக்குள் பின்னிக்கொள்கிறது.

தமிழில் ‘இசை’ பெயர்ச்சொல்லாகவும் நிற்கும், வினையாகவும் வரும். இசைதல் என்றால் பொருந்துதல், உடன்படுதல். இசைவு என்றால் சம்மதம். மெல்கோரின் குற்றத்தைச் சொல்ல வேறு சொல்லே வேண்டாம்: அவன் இசையவில்லை. பாட்டும் உடன்பாடும் ஒரே வேரில் கிடைப்பது இந்தக் கதையை மொழிபெயர்ப்பவருக்குப் பெரும் பேறு. அவன் எழுப்பிய முரணொலிக்கும் சொல் தேடி அலைய வேண்டியதில்லை. சிலப்பதிகாரத்தின் வேனிற்காதை யாழ் நரம்புகளின், அதாவது சுரங்களின், உறவை இணை, கிளை, பகை, நட்பு என்று நான்காகச் சொல்கிறது. மெல்கோர் பாடியது பகை.

ஆகவே என் பரிந்துரை: ‘தூயோர் இசை’. நூலின் பெயராக வரும்போது ஐனுலிந்தலே என்றே எழுதலாம்.

பகையும் வீணாகவில்லை என்பதைக் கதை ஒரே இடத்தில் காட்டிவிடுகிறது. நீரை நேசித்த உல்மோ என்ற ஐனுவிடம் இலூவதார் சொல்கிறான்: மெல்கோர் கடுங்குளிரை ஏவினான், அதனால் வந்த பனியைப் பார், அடங்காத வெப்பத்தை ஏவினான், மேகங்களைப் பார், மண்மேல் விழும் மழையின் ஓசையைக் கேள். அந்த இசையின் எதிரொலி வேறெந்தப் பொருளையும்விட நீரில்தான் மிகுதியாக வாழ்கிறது என்பது எல்ஃப் மக்களின் நம்பிக்கை.

இதைவிடப் பெரிய இசையொன்று உலக முடிவுக்குப் பின் எழும் என்றும் ஏடு சொல்கிறது. அப்போது எல்ஃப்களும் மாந்தரும் ஐனுரோடு சேர்ந்து பாடுவார்கள். ஒவ்வொருவரும் தம் பங்கை உணர்ந்து, மற்றவர் உள்ளத்தையும் அறிந்து பாடுவார்கள். தமிழில் அதை ‘இசைந்து பாடுவார்கள்’ என்று எழுதுவேன்.