சுக்கினி ரகங்களைச் சேர்த்து நடலாம். விதை எடுக்கும்போதுதான் கவனம்

சுக்கினி, பார்வைக்கு வெள்ளரி போல இருக்கும் பூசணி வகைக் காய். மாடித்தோட்ட ஆலோசனைக்கு வருபவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்வி இது: "பச்சை சுக்கினி, மஞ்சள் சுக்கினி, தட்டையான பேட்டிபேன் மூன்றையும் பக்கத்தில் வைத்தால் காய் கலந்துவிடுமா?" கலக்காது. பச்சைச் செடியில் பச்சைக் காய்தான் காய்க்கும். வேற்று மகரந்தம் மாற்றுவது உள்ளே இருக்கும் விதையை மட்டுமே. சமையலுக்கு என்றால் தாராளமாகச் சேர்த்து நடுங்கள். செடிக்குச் செடி மூன்றடி விட்டால் போதும்.

அந்தக் காயை முற்றவிட்டு விதை எடுக்கும்போதுதான் எனக்குப் பயம். அழகுக்காக வளர்க்கும் குட்டிப் பூசணிகளும் சுக்கினியும் ஒரே இனம். அந்தக் குட்டிப் பூசணிகளில் குக்கர்பிட்டாசின் என்ற கசப்பு நஞ்சு உண்டு. தேனீ அந்த மகரந்தத்தைக் கொண்டுவந்தால், அடுத்த பட்டத்தில் பார்வைக்கு நல்ல சுக்கினி, வாயில் வைத்தால் கடும் கசப்பு என்று ஆகலாம். வேகவைத்தாலும் அந்த நஞ்சு போகாது. 2015இல் ஜெர்மனியின் ஹைடன்ஹைமில், வீட்டுத் தோட்டத்தில் விளைந்த கசப்பான சுக்கினியைச் சாப்பிட்ட 79 வயதுக்காரர் இறந்துபோனார். நம் நாட்டில் கசந்த சுரைக்காய்ச் சாற்றைக் குடித்து உயிரிழந்தவர்களும் உண்டு. 'கசப்பு உடம்புக்கு நல்லது' என்று மூச்சைப் பிடித்துக் குடிக்கும் பழக்கத்தைத் தயவுசெய்து விடுங்கள். பாகல் கசக்கலாம். சுரையும் சுக்கினியும் கசக்கவே கூடாது.

நம்மூர்ப் பரங்கி, சுரை, பீர்க்கு, புடலை பக்கத்தில் இருந்தால் கவலை வேண்டாம், சுக்கினியோடு அவை சேராது. ஆனால் நீளச் சுரையும் குடுவைச் சுரையும் தங்களுக்குள் கலந்துவிடும்.

சொந்த விதைதான் வேண்டும் என்றால் கையால் மகரந்தம் சேருங்கள். நுனி மஞ்சளாகி மறுநாள் விரியப்போகும் மொட்டுகளில் ஆண் ஒன்று, பெண் ஒன்று பார்த்து, மாலையிலேயே நுனியை நூலால் கட்டிவிடுங்கள். அடியில் குட்டிக்காய் இருப்பது பெண். காலையில் வெயில் ஏறுமுன் ஆண் பூவைப் பறித்து, இதழை உரித்து, மகரந்தத் தண்டைப் பெண் பூவின் நடுவே தடவி, மறுபடியும் கட்டுங்கள். அந்தக் காம்பில் வண்ண நூல் அடையாளம் போட்டு, நகம் இறங்காத அளவுக்குத் தோல் கெட்டியாகும் வரை செடியிலேயே விடுங்கள். ஹைபிரிட் பாக்கெட் விதையில் வந்த செடி என்றால் இதுவும் பலிக்காது. ரகம் மாறித்தான் முளைக்கும்.

வெயிலிலும் தண்ணீர்ப் பற்றாக்குறையிலும் கசப்பு கூடலாம். அதனால் எந்த விதையில் வந்த காயானாலும் சமைக்குமுன் காம்புப் பக்கம் மெல்லிய துண்டு நறுக்கி நாக்கில் வைத்துப் பாருங்கள். கசந்தால் துப்பிவிட்டு முழுக்காயையும் எறியுங்கள், செடியையும் பிடுங்கிவிடுங்கள். தெரியாமல் சாப்பிட்டு வாந்தி, வயிற்றுப்போக்கு, தலைசுற்றல் வந்தால் உடனே மருத்துவமனைக்குப் போங்கள். மாற்று மருந்து கிடையாது என்பதால் தாமதிக்கக் கூடாது. போனதும் மருத்துவரிடம் கசந்த காய் சாப்பிட்டதை முதலில் சொல்லுங்கள்.