ஜாவி மரத்தின் காய்க்குள் நடக்கும் பேரம்

அத்திப் பழத்தைப் பிட்டுப் பார்த்தால் அத்தனையும் சொத்தை என்று நம்மிடம் ஒரு பழமொழி உண்டு. வெளியே பளபளப்பு, உள்ளே வேறு என்று மனிதர்களைக் குத்திக் காட்டச் சொல்வது. பழத்தைப் பொறுத்தவரை அது அநியாயமான குற்றச்சாட்டு. சொத்தை என்று நாம் பழிக்கும் அந்தப் பூச்சி உள்ளே போகாவிட்டால் ஆலிலும் அரசிலும் காட்டத்தியிலும் ஒரு விதைகூடப் பிடிக்காது.

சிங்கப்பூரில் இதைப் பார்க்கக் காட்டுக்குப் போக வேண்டியதில்லை. பழைய சாலையோரங்களிலும் பூங்காக்களிலும் தாடி மாதிரி விழுதைத் தொங்கவிட்டு நிற்கும் ஒரு மரத்தை நம்மில் பலர் ஆலமரம் என்றே சொல்லிவிடுவோம். மலாய்க்காரர்கள் அதை ஜாவி-ஜாவி என்பார்கள். ஆலுக்கு நெருங்கிய சொந்தம், இலை மட்டும் சிறிது. தாவரவியல் பெயர் ஃபைகஸ் மைக்ரோகார்பா. ஆல், அரசு, அத்தி, இச்சி எல்லாம் இதே ஃபைகஸ் பேரினம்தான். உலகம் முழுக்க 750-க்கும் மேற்பட்ட இனங்கள். 1929 முதல் சிங்கப்பூர்த் தாவரவியல் பூங்காவில் வேலை பார்த்த கார்னர் என்ற ஆங்கிலேயர் இந்தப் பேரினத்தைப் பல ஆண்டுகள் ஆராய்ந்தார். உயரமான மரத்திலிருந்து மாதிரி பறித்துப் போட பெரோக் எனப்படும் பன்றிவால் குரங்குகளைப் பழக்கி வைத்திருந்தார் என்பது இங்கே இன்றும் சொல்லப்படும் கதை. உண்மைக் கதை.

இந்த மரங்களில் நாம் காய் என்று சொல்வது உண்மையில் ஒரு பூங்கொத்து. நூற்றுக்கணக்கான குட்டிப் பூக்கள் உள்பக்கம் பார்த்தபடி நெருக்கியடித்திருக்க, சுற்றிலும் சதை மூடியிருக்கும். பூரணத்தை வைத்து வாயை அழுத்தி மூடிய கொழுக்கட்டை என்று வைத்துக்கொள்ளுங்கள். அழுத்திய இடத்தில் ஒரு மிகச் சிறிய துளை. அந்தத் துளையையும் செதில்கள் ஒன்றன்மேல் ஒன்றாக அடைத்திருக்கும். தேனீ நுழைய முடியாது, காற்றும் உதவாது. ஜாவி மரத்துக்கு மகரந்தம் கொண்டுவருவது இரண்டு மில்லிமீட்டர்கூட இல்லாத ஒரு கரிய குளவி. அதற்கு யூப்ரிஸ்டினா வெர்டிசில்லாட்டா என்று நீளமான பெயர்.

மரத்தடியில் உதிர்ந்து கிடப்பதில் ஒன்றை எடுத்து நகத்தால் பிளந்து, பூதக்கண்ணாடி வைத்துப் பாருங்கள். (பூங்காவில் கிளையிலிருந்து பறிக்கக் கூடாது, அது சட்டப்படி குற்றம்.) கெட்டியான சின்ன மணிகள் விதைகள். அவற்றுக்கு நடுவே உப்பலாக, காலியாக, பக்கத்தில் வட்டத் துளையோடு இருப்பவை குளவிகள் வளர்ந்து வெளியேறிய பூக்கள். கொஞ்சம் பொறுமையாகத் தேடினால் தேன் நிறத்தில், சிறகே இல்லாத ஆண் குளவி ஒன்றும் செத்துக் கிடக்கலாம். வாய்ப்பக்கச் செதில்களில் சில சமயம் ஒரு ஒடிந்த சிறகு ஒட்டிக்கொண்டிருக்கும். அது உள்ளே வந்த தாயினுடையது.

அந்தத் தாய் செதில்களுக்கிடையே உடம்பைத் திணித்து நுழையும்போதே சிறகு ஒடிந்துவிடும். பெரும்பாலும் உணர்கொம்பின் நுனியும் போய்விடும். இனி வெளியே வர வழியில்லை. உள்ளே இருட்டில் பூக்களின்மேல் நடந்து, மார்பில் உள்ள இரண்டு சின்னப் பைகளில் கொண்டுவந்த மகரந்தத்தைத் தூவிக்கொண்டே, சில பூக்களின் சூலுக்கு இறங்கும் சூல்தண்டு வழியாக முட்டையிடும் ஊசியைச் செலுத்தி, ஒரு பூவுக்கு ஒரு முட்டை வைக்கும். அதோடு அங்கேயே செத்துப்போகும். முட்டை வைத்த பூ வீங்கி, அதற்குள் புழு வளரும். மற்றவற்றில் விதை பிடிக்கும்.

சில வாரங்கள் கழித்து முதலில் ஆண்கள் வெளிப்படும். அவை வெளியுலகைப் பார்க்கப் பிறந்தவை இல்லை. பெண் குளவிகள் இன்னும் பூவுக்குள் அடைபட்டிருக்கும்போதே துளை போட்டு இணைந்துவிட்டு, பிறகு எல்லாமாகச் சேர்ந்து காய்ச்சுவரைக் குடைந்து ஒரு வழி திறந்துவிட்டுச் சாகும். பெண்கள் மகரந்தத்தைப் பைகளில் நிரப்பிக்கொண்டு அந்த வழியே பறக்கும். அவற்றுக்கு ஆயுள் ஒன்று அல்லது இரண்டு நாள். ஒரு ஜாவி மரத்தில் பெரும்பாலான காய்கள் ஒரே சமயத்தில்தான் முற்றும் என்பதால் பிறந்த மரத்தில் இடம் கிடைக்காது. அந்த ஒன்றிரண்டு நாளுக்குள், சரியான பருவத்தில் இருக்கும் இன்னொரு ஜாவி மரத்தை வாசனை பிடித்தே கண்டுபிடிக்க வேண்டும்.

இதுவரை கேட்டால் இரண்டு பேரும் நல்ல நண்பர்கள் என்று தோன்றும். இங்கேதான் விஷயம் சுவாரசியமாகிறது. குளவிக்கு எத்தனை பூவில் முட்டை வைக்க முடியுமோ அத்தனையும் லாபம். மரத்துக்கோ குளவி தின்ற ஒவ்வொரு பூவும் ஒரு விதை நஷ்டம். இயற்கைத் தேர்வு அதிக வாரிசு விடுபவர் பக்கம்தான் சாயும். அப்படியானால் எல்லாப் பூவையும் தின்றுவிடும் குளவி எப்போதோ உருவாகி, விதையில்லாமல் மரம் அழிந்து, குளவியும் சேர்ந்து அழிந்திருக்க வேண்டுமே? ஏன் நடக்கவில்லை?

நீளமான சூல்தண்டு உள்ள பூக்களுக்குள் குளவியின் ஊசி எட்டாது, அதனால் அவை தப்பிக்கின்றன என்றுதான் ஒரு காலத்தில் விளக்கம் சொன்னார்கள். அளந்து பார்த்தபோது பல இனங்களில் ஊசி தாராளமாகவே எட்டியது. 2008-ல் ஆஸ்திரேலிய அத்தி இனம் ஒன்றில் நடந்த ஆய்வுதான் எனக்கு மிகவும் பிடித்த விடையைத் தந்தது. விடை மூன்றாவது ஆள்.

காயைச் சுற்றி வேறு குளவிகளும் வட்டமிடும். இவை உள்ளே நுழையாது, மகரந்தமும் கொண்டுவராது. காயின்மேல் உட்கார்ந்து, உடம்பைவிட நீளமான ஊசியைச் சுவர் வழியாக இறக்கி, உள்ளே வளரும் புழுவுக்குப் பக்கத்தில் தன் முட்டையை வைத்துவிடும். அது பொரித்து வந்து முதல் புழுவை ஒழித்துவிடும். இந்த ஊசி சுவரை ஒட்டிய பூக்களைச் சுலபமாக எட்டும். நடுவில் இருக்கும் பூக்கள் வரை போகாது. அதனால் சுவரோரம் முட்டை வைத்த தாயின் பிள்ளைகள் அதிகமாகச் சாக, நடுப்பகுதியில் வைத்த தாயின் பிள்ளைகள் பிழைத்தன. தலைமுறை தலைமுறையாக இதே கதைதான். நடுவில் வைக்கும் பழக்கம் குளவியின் ரத்தத்தில் ஊறிவிட, சுவரோரப் பூக்கள் விதைக்கு மிஞ்சின. மரத்துக்கும் குளவிக்கும் உள்ள உடன்படிக்கையைக் காப்பாற்றுவதில் குளவியின் எதிரிக்கே பங்கு இருக்கிறது. இரண்டு உயிர்களை மட்டும் தனியே எடுத்து வைத்துப் பார்த்திருந்தால் இது புலப்பட்டே இருக்காது. சூழலியலில் சமூகம் என்ற சொல்லை வைத்திருப்பது இதற்காகத்தான்.

அப்புறம் எறும்புகள். நம் ஊர் மரங்களில் இலையைத் தைத்துக் கூடு கட்டும் முசுறு, அத்திக் கிளைகளில் ஓயாமல் ரோந்து போகும். மகரந்தக் குளவி வந்ததும் உள்ளே நழுவிவிடும். ஊசி இறக்கும் குளவியோ வெகுநேரம் வெளியே அசையாமல் நிற்க வேண்டும், அதனால் எறும்பிடம் சிக்குவது பெரும்பாலும் அதுதான். மரத்திடமும் ஆயுதம் இருக்கிறது. பனாமாவில் ஆராய்ந்த சில அத்தி இனங்களில், மகரந்தக் குளவியே மகரந்தம் இல்லாமல் நுழைந்தால் அந்தக் காயை மரம் முற்றுவதற்கு முன்பே உதிர்த்துவிடுகிறது. உள்ளே இருக்கும் முட்டைகளும் சேர்ந்து போச்சு.

இவ்வளவு காவல் இருந்தும் ஏமாற்று முளைக்காமல் இல்லை. சீனாவின் யுன்னான் மாநிலத்தில் இதே ஜாவி மரத்தில் யூப்ரிஸ்டினாவின் நெருங்கிய உறவுக் குளவி ஒன்று இருக்கிறது. மகரந்தக் குளவிகளின் வம்சத்தில் வந்ததுதான். ஆனால் மார்புப் பையும் இல்லை, மகரந்தம் வாரும் சீப்பு போன்ற முடிவரிசையும் இல்லை. காய்க்குள் நுழைகிறது, முட்டை வைக்கிறது, வேலை மட்டும் செய்வதில்லை. ஒத்துழைப்பு ஒரு முறை உருவானால் அப்படியே நின்றுவிடும் என்று நினைப்பவர்களுக்கு இந்தக் குளவியைத்தான் காட்ட வேண்டும்.

மரமும் ஏமாற்றும். மெக்ரிச்சி, புக்கிட் தீமா பக்கம் நடந்தால் தண்டிலேயே கொத்துக் கொத்தாகக் காய்க்கும் ஃபைகஸ் ஃபிஸ்டுலோசா மரத்தைப் பார்க்கலாம். இதில் ஆண் மரம் தனி, பெண் மரம் தனி. ஆண் மரத்துக் காயில் குளவி வளரும். பெண் மரத்துக் காயில் சூல்தண்டுகள் எல்லாமே நீளம், முட்டை வைக்கவே முடியாது. குளவி உள்ளே போய், மகரந்தத்தைப் பூசிவிட்டு, வாரிசே இல்லாமல் சாகும். தெரிந்து ஏன் போகிறது? தெரியாது, அதுதான் காரணம். இரண்டு காயின் வாசனையும் கிட்டத்தட்ட ஒன்று. வேறு மாதிரி மணந்த பெண் மரங்களுக்குக் குளவி வந்திருக்காது, விதை பிடித்திருக்காது, அந்த மணம் அவற்றோடு போயிருக்கும். ஒன்றிரண்டு நாள் ஆயுளில் குளவிக்கும் நின்று நிதானித்துத் தேர்ந்தெடுக்க நேரம் கிடையாது.

மரபணுக்களை ஒப்பிட்டு இந்த உறவு ஏறக்குறைய 7.5 கோடி ஆண்டு பழையது என்று கணித்திருக்கிறார்கள். டைனோசர்கள் இருந்த காலம். அவ்வளவு இறுக்கம் என்பதால் மரத்தை மட்டும் கொண்டுபோனால் அது மலடாகத்தான் நிற்கும். ஹவாயில் நிழலுக்காக நட்ட ஜாவி மரங்கள் 1938-ல் இந்தக் குளவியைக் கொண்டுவந்து விடும்வரை முளைக்கும் விதை தரவில்லை. இப்போது அங்கே கட்டடச் சுவரெல்லாம் ஜாவிக் கன்று. ஒழிக்க வேண்டிய களையாகிவிட்டது.

இங்கேயும் புளோக் சுவர் விரிசலிலும் சாலையோரத் தூங்குமூஞ்சி மரக் கவட்டையிலும் ஜாவி முளைப்பதைப் பார்த்திருப்பீர்கள். அதை விதைப்பது பறவைகளும் பழந்தின்னி வௌவால்களும். குயில், சின்னான், மைனா எல்லாம் பழத்தைத் தின்று விதையை எச்சத்தோடு போடும். எல்லா விருந்தாளியும் ஒரே மாதிரி இல்லை. கூட்டமாக வந்து மேயும் பச்சைப்புறாவின் இரைப்பை விதையையே அரைத்துவிடும். மரத்துக்கு அதனால் பெரிய பயன் இல்லை. ஒவ்வொரு மரமும் வெவ்வேறு நாளில் காய்ப்பதால் ஆண்டு முழுக்க எங்காவது ஒரு அத்தி பழுத்திருக்கும். இந்த வட்டாரக் காடுகளில் பெருமரங்கள் பல, சில ஆண்டுகளுக்கு ஒரு முறைதான் ஒன்றாகக் காய்க்கும். இடைப்பட்ட காலத்தில் பறவைக்கும் குரங்குக்கும் சோறு போடுவது அத்திதான். 1994-ல் புலாவ் உபின் தீவுக்குத் திரும்பி வந்து, இன்று நகருக்குள்ளும் பறக்கும் இருவாச்சிகளும் அத்திப் பழத்தின் பெரிய ரசிகர்கள். மரங்கள் வெவ்வேறு நாளில் காய்ப்பதால்தான் குளவிக்கு அடுத்த மரமும் கிடைக்கிறது, இருவாச்சிக்குச் சாப்பாடும் கிடைக்கிறது.

இந்தச் சங்கிலியில் மெலிந்த கண்ணி எது என்பதைச் சிங்கப்பூரிலேயே சோதித்துப் பார்த்திருக்கிறார்கள். நந்தினி ஜீவானந்தம், அலெக்ஸாண்டர் கோ, ரிச்சர்ட் கார்லெட் மூவரும் நான்கு வகை அத்திக் குளவிகளை வெவ்வேறு வெப்பநிலைகளில் வைத்து, எவ்வளவு நேரம் உயிரோடு இருக்கின்றன என்று பார்த்து 2013-ல் வெளியிட்டார்கள். இன்றைய வெப்பத்தைவிட 3 டிகிரி செல்சியஸோ அதற்கு மேலோ கூடினால் பெண் குளவியின் ஆயுள் சில மணி நேரமாகச் சுருங்கிவிடுகிறது. வெப்பமண்டலப் பூச்சிகள் ஆண்டு முழுக்க ஏறக்குறைய ஒரே சூட்டில் வாழ்ந்து பழகியவை; தாங்கும் வரம்புக்கு மிக அருகிலேயே இருக்கின்றன.

குளவி இல்லாமல் போனால் என்ன ஆகும் என்பதைச் மலேசியாவின் சரவாக் மாநிலத்தில் உள்ள லம்பிர் காடு ஏற்கெனவே காட்டிவிட்டது. 1998 எல் நினோ வறட்சியில் அங்கே ஆண், பெண் மரம் தனித்தனியாக உள்ள அத்திகள் காய்ப்பதை நிறுத்தின. ஒன்றிரண்டு நாள் ஆயுள் உள்ள குளவிகள் அந்தக் காட்டிலிருந்து அடியோடு மறைந்தன. மழை வந்து மரங்கள் மறுபடி காய்த்தபோதும் பல இனங்களுக்கு மாதக்கணக்கில் குளவி வரவில்லை. வெளிக்காடுகளிலிருந்து காற்றில் வந்து சேர்ந்தால்தான் உண்டு. அவற்றால் வெகுதூரம் வரவும் முடியும். நமீபியாவின் ஆற்றங்கரை அத்திகளில் 160 கிலோமீட்டர் வரை காற்றோடு போன குளவிகளைப் பதிவு செய்திருக்கிறார்கள். சிங்கப்பூருக்கு அந்த வெளிக்காடு ஜோகூர். நடுவில் உள்ள ஜலசந்தி குறுகலான இடத்தில் ஒரு கிலோமீட்டர் அளவுதான், ஒரு முழு நாள் ஆயுள் உள்ள குளவிக்கு அது தூரமே இல்லை. சில மணி நேரம்தான் என்றாகிவிட்டால், கடந்து வந்த உடனே பக்கத்திலேயே, அன்றைக்கு வாய் திறந்திருக்கும் காயோடு ஒரு மரம் நிற்க வேண்டும். அப்படி நிற்பதற்குச் சாலையோரத்தில் ஒரு ஜாவி போதாது. வெவ்வேறு நாளில் காய்க்கும் பல மரங்கள் ஒன்றுக்கொன்று எட்டும் தூரத்தில் இருக்க வேண்டும்.