பட்டியில் செத்துக் கிடக்கும் ஆட்டைக் கொன்றது யார்?

காங்கேயம், வெள்ளகோவில், தாராபுரம் வட்டாரத்தில் கால்நடை மருத்துவம் பார்க்கிறவர்களுக்கு விடியற்காலையில் போன் அடித்தாலே வயிற்றைக் கலக்கும். "டாக்டருங்க, ராத்திரி பட்டிக்குள்ள சிறுத்தை பூந்துருச்சுங்க, எட்டுப் பத்து ஆடு போச்சுங்க" என்பார்கள். நான் போய்ச் சேர்வதற்குள் செய்தி வாட்ஸ்அப்பில் நாலு ஊர் தாண்டியிருக்கும். கூடவே வேறு ஏதோ மாநிலத்தில் எடுத்த சிறுத்தை வீடியோ ஒன்றும் சுற்றிக்கொண்டிருக்கும். பட்டியில் கிடக்கிற ஆடுகளைப் புரட்டிப் பார்த்தால் பெரும்பாலும் வேறு கதை வரும். வந்தது தெருநாய்க் கூட்டம்.

சிறுத்தையே வராது என்று நான் சொல்லவில்லை. 2022 ஜனவரியில் அவிநாசிப் பக்கம் சோளக்காட்டில் ஆட்களைத் தாக்கிய சிறுத்தை, திருப்பூர் நகரத்துக்குள்ளேயே வந்துதான் பிடிபட்டது. அதே மாதம் கோவை குனியமுத்தூர் அருகே பழைய குடோன் ஒன்றில் இன்னொன்று நாள்கணக்கில் பதுங்கியிருந்து, பிறகு தானாகக் கூண்டுக்குள் போனது. 2023-ல் ஊதியூர் மலையடிவாரத்தில் நடமாட்டம் இருந்தது. தாளவாடியில் கைவிட்ட கல்குவாரிகளில் சிறுத்தை தங்குவது ஊரறிந்த விஷயம். 2013-ல் அறிவிக்கப்பட்ட சத்தியமங்கலம் புலிகள் காப்பகம் மட்டும் 1,400 சதுர கிலோமீட்டருக்கு மேல். அதற்குள் புலி, சிறுத்தை, செந்நாய், கழுதைப்புலி எல்லாம் இருக்கின்றன. இவற்றில் புலி பெரும்பாலும் காட்டையும் காட்டோரத்தையும் விட்டு வராது. சிறுத்தைக்கு ஒரு கரும்புக்காடும் நாலு நாயும் போதும், எங்கும் பிழைத்துக்கொள்ளும்.

யார் கொன்றது என்று தெரியாமல் செய்கிற பாதுகாப்பு வீண். சிறுத்தை என்று பயந்து ராத்திரி பூராவும் பட்டாசு வெடித்துவிட்டு, வேலிக்கு அடியில் நாய் நுழையும் சந்தை அப்படியே விட்டால் அடுத்த வாரமும் ஆடு போகும். நாய்தான் என்று அசட்டையாக இருந்து, சிறுத்தை வருகிற இடத்தில் கூரையில்லாத பட்டியில் ஆட்டை அடைத்தாலும் அதே கதிதான்.

முதலில் கழுத்தைப் பாருங்கள். சிறுத்தை குரல்வளையைக் கவ்வி மூச்சை அடைத்துக் கொல்லும். மேலே பார்த்தால் நாலு சின்ன ஓட்டைதான் தெரியும், ரத்தம்கூட அதிகம் இருக்காது. தோலை உரித்தால் உள்ளே கன்றிப்போய் ரத்தம் கட்டியிருக்கும். பிறகு வயிற்றையோ நெஞ்சையோ கிழித்துத் தின்னத் தொடங்கும். இரைப்பையை இழுத்து ஒரு ஓரமாகப் போட்டுவிடும். முடிந்தால் உடலை மறைவாக இழுத்துக்கொண்டு போகும், மரத்திலும் ஏற்றும். புலி என்றால் வழக்கமாகப் பின்தொடையிலிருந்து ஆரம்பிக்கும். செந்நாய் பகலில் கூட்டமாக வரும். பின்பக்கமும் வயிறும் கிழிந்திருக்கும், இரை சாகும்வரை காத்திருக்காமல் தின்னத் தொடங்கிவிடும்.

தெருநாய்க்கு இந்த ஒழுங்கு எதுவும் கிடையாது. காது, தொடை, வால், மடி என்று கிடைத்த இடத்திலெல்லாம் கடித்துக் குதறியிருக்கும். பத்து ஆடு செத்துக் கிடக்கும், ஒன்றைக்கூட முழுசாகத் தின்றிருக்காது. பட்டி முழுக்க உரோமம் பறந்து கிடக்கும். சாகாமல் தள்ளாடுகிற ஆடுகளும் இருக்கும். "இத்தனை ஆடு செத்திருக்குங்களே, நாய் செய்யுமுங்களா?" என்று கேட்பார்கள். நாய் செய்யும். ஓடுகிற ஆட்டைத் துரத்திக் கடிப்பதில் அதற்கு ஒரு வெறி, பசியே வேண்டாம். ஆனால் ஒன்று, வெளியேற வழியில்லாத பட்டிக்குள் சிறுத்தை மாட்டிக்கொண்டால் அதுவும் ஒன்றுக்கு மேல் கொல்லும். அதனால் எண்ணிக்கையை மட்டும் வைத்து முடிவுகட்ட முடியாது.

பல் இடைவெளியையும் அளப்போம். சிறுத்தையின் மேல்தாடைக் கோரைப்பற்களுக்கு நடுவே ஏறக்குறைய 4 செ.மீ. இருக்கும், புலிக்கு அதைவிட அகலம். பெரிய நாயின் பல் சிறுத்தை அளவை நெருங்கிவிடும் என்பதால் இந்த அளவு மட்டும் சாட்சியாகாது. காலடியும் பார்க்க வேண்டும். பூனை இனம் நடக்கும்போது நகத்தை உள்ளே இழுத்துக்கொள்ளும். நாய்த் தடத்தில் விரல் நுனிகளில் நகம் குத்தியிருக்கும். சிறுத்தைத் தடத்தில் உள்ளங்கால் பட்டையின் பின்விளிம்பு மூன்று மடிப்பாகத் தெரியும். கழுதைப்புலிக்கும் நகம் பதியும், ஆனால் முன்னங்கால் தடம் பின்னங்காலைவிடப் பெரிது. இதையெல்லாம் பார்க்க வேண்டுமென்றால் நான் வரும்வரை பட்டிக்குள் ஊரே நடக்கக் கூடாது. அதுதான் நடப்பதில்லை.

இந்த வேலையில் எனக்குப் பிடித்த பகுதி ஒன்று உண்டு. ஆட்டின் கழுத்தில் ஸ்கேல் வைத்து நாங்கள் செய்வதைத்தான் லட்சக்கணக்கான வருடத்துக்கு முந்தைய எலும்புகளிலும் செய்கிறார்கள். தென்னாப்பிரிக்காவில் ஸ்வார்ட்கிரான்ஸ் என்ற குகையில், 15 லட்சம் ஆண்டுகளுக்கும் முந்தைய ஒரு மண்டையோடு 1949-ல் கிடைத்தது. பாராந்த்ரோபஸ் என்ற, மனிதனுக்குப் பங்காளி முறையான ஓர் இனத்தின் சிறு பிள்ளை அது. மண்டையின் பின்பக்கம் இரண்டு ஓட்டைகள், நடுவே 33 மி.மீ. இன்னொருவன் ஆயுதத்தால் குத்திக் கொன்றது என்றுகூட அதற்கு ஒரு விளக்கம் இருந்தது. 1970-ல் சி.கே. பிரெயின் என்ற ஆய்வாளர், அதே குகையில் கிடைத்த ஒரு சிறுத்தையின் கீழ்த்தாடையை எடுத்து அந்த ஓட்டைகளில் வைத்துப் பார்த்தார். கோரைப்பற்கள் கச்சிதமாகப் பொருந்தின. குகைவாயில் நின்ற மரத்தில் சிறுத்தை இரையை ஏற்றித் தின்றிருக்கும், மிச்சம் உள்ளே விழுந்திருக்கும் என்பது அவருடைய கணிப்பு. அன்றைக்கும் சந்தேகம் தப்பான ஆள் மேல்தான் போயிருக்கிறது.

டைனோசர் விஷயத்தில் இதைவிடப் பெரிய வழக்கே நடந்தது. டைரனோசாரஸ் ரெக்ஸ் உயிருள்ள இரையை வேட்டையாடியதா, செத்துக் கிடந்ததைத் தின்று திரிந்ததா? எலும்பில் பல் பதிந்திருக்கிறது என்பது மட்டும் போதாது. செத்த உடலைத் தின்றாலும் பல் பதியும். எங்களுக்கும் தினசரி இதே கேள்விதான். நோயில் செத்த ஆட்டை ராத்திரி நாய் குதறிவிட்டுப் போயிருக்கும், காலையில் அது "சிறுத்தை அடித்த ஆடு" ஆகிவிடும். ஆட்டில் இதற்கு விடை தோலுக்கு அடியில் இருக்கிறது. உயிரோடு இருக்கும்போது கடிபட்டிருந்தால் ரத்தம் கட்டும், செத்த பிறகு கடித்தால் கட்டாது. ஆறரைக் கோடி வருடத்துக்கு முந்தைய எலும்பில் ரத்தக்கட்டுக்கு எங்கே போவது? 2013-ல் வெளியான ஓர் ஆய்வில் விடை கிடைத்தது. அமெரிக்காவின் தெற்கு டகோட்டாவில் எடுத்த, தாவரம் தின்னும் ஒரு டைனோசரின் வால் எலும்பில் டைரனோசாரஸின் பல் முறிந்து சிக்கியிருந்தது. அந்தப் பல்லைச் சுற்றி எலும்பு வளர்ந்து மூடியிருந்தது. கடிபட்ட பிறகும் அந்த விலங்கு பிழைத்திருக்கிறது என்று அர்த்தம். பிணத்தின் எலும்பு ஆறாது. செத்ததையும் டைரனோசாரஸ் தின்றிருக்கும்தான், ஓசியில் கிடைக்கிற கறியை எந்த வேட்டை விலங்கு வேண்டாமென்றது? ஆனால் உயிருள்ளதையும் துரத்தியது என்பதற்கு அந்தப் பல் சாட்சி.

எச்சமும், அதாவது விலங்கு போட்ட மலமும், பேசும். சிறுத்தை எச்சத்தைப் பிரித்தால் இரையின் உரோமம் வரும்; எலும்பையே நொறுக்கித் தின்கிற கழுதைப்புலியின் எச்சம் காய்ந்தால் சுண்ணாம்பாக வெளுத்துவிடும். கனடாவில் டைரனோசாரஸுடையதாகக் கருதப்படும் 44 செ.மீ. நீளக் கல்லாகிப்போன எச்சம் ஒன்றைப் பற்றி 1998-ல் எழுதினார்கள். அதற்குள்ளும் நொறுங்கிய எலும்புத் துண்டுகள்தான்.

சரி, நம்ம பட்டிக்கு வருவோம். உயிரோடு மிஞ்சிய ஆடுகளைப் பற்றிச் சொல்ல வேண்டும், ஏனென்றால் செத்ததைச் சுற்றி எல்லோரும் நிற்கும்போது இவற்றை யாரும் கவனிப்பதில்லை. கடிபட்ட செம்மறியை வெளியே பார்த்தால் ஒன்றும் தெரியாது. உரோமத்தைக் கத்தரித்துவிட்டுப் பார்த்தால் சின்ன ஓட்டை, அதற்குள் விரல் விட்டால் கிழிந்த தசை. இரண்டு நாளில் சீழ் பிடிக்கும், புழு வைக்கும். அதனால் அன்றைக்கே ஒவ்வொரு ஆட்டையும் கையால் தடவிப் பாருங்கள். காயத்தைச் சோப்புப் போட்டு ஓடுகிற தண்ணீரில் கால் மணி நேரம் கழுவுங்கள். மஞ்சளும் எண்ணெயும் போட்டு அடைக்காதீர்கள், கட்டுப் போடாதீர்கள். உங்கள் கையில் கீறல் இருந்தால் உறை போட்டுக்கொள்ளுங்கள். கடித்தது நாயோ நரியோ சிறுத்தையோ, வெறிநோய் எதிலிருந்தும் வரலாம். கடிபட்ட ஆட்டுக்கு முதல் நாள், 3, 7, 14, 28-ஆம் நாள்களில் தடுப்பூசி உண்டு; முதல் ஊசி போட்டதும் ஆடு தெளிந்துவிட்டது என்று நிறுத்திவிடக் கூடாது. சினை ஆடுகள் அதிர்ச்சியில் குட்டி வீசிவிடும், அதற்கும் தயாராக இருங்கள். உங்களால் கொண்டு வர முடியாவிட்டால் 1962-க்குப் போன் செய்தால் நடமாடும் ஊர்தி வரும்.

பட்டியைப் பொறுத்தவரை, நாய் கீழே நுழையும், சிறுத்தை மேலே தாண்டும். கொறங்காட்டை, அதாவது மேய்ச்சல் நிலத்தை, சுற்றி நிற்கும் கிளுவை முள்வேலி ஆடு வெளியே போகாமல் தடுக்கும். அடித்தூரில் இருக்கிற சந்தில் நாய் சுலபமாகப் புகுந்துவிடும். ராத்திரி அடைக்கிற பட்டிக்காவது கம்பி வலை கட்டி, அதன் அடியை ஒரு முழம் மண்ணுக்குள் இறக்கிவிடுங்கள். மலையடிவாரத்தில் இருப்பவர்களுக்கு இது பத்தாது, மேலேயும் வலை வேண்டும், கதவு தாழ்ப்பாளோடு வேண்டும். சாளைக்கு (தோட்டத்து வீட்டுக்கு) வெளியே கட்டுத்தரையில் கன்றைத் தனியாகக் கட்டிவைப்பதை அங்கே நிறுத்திவிடுவது நல்லது. வால்பாறை மாதிரியான இடங்களில் ஆட்டைவிடப் பிள்ளைகள்தான் முக்கியம். இருட்டுகிற நேரத்தில் சின்னக் குழந்தை தேயிலைச் செடி ஓரம் தனியாக நிற்கக் கூடாது.

இன்னொன்றையும் வெளிப்படையாகப் பேசலாம். "நாய்னு எழுதாதீங்க டாக்டர், சிறுத்தைனு எழுதிக் குடுங்க" என்று என்னிடம் கேட்காத ஊர் இல்லை. வனவிலங்கு அடித்தால் வனத்துறை இழப்பீடு தரும், நாய் கடித்தால் வெறும் கையோடு நிற்க வேண்டும் என்பதுதான் நெடுநாள் நிலைமை. கேட்கிறவர் மேல் எனக்குக் கோபம் வராது, ஒரே ராத்திரியில் ஒரு வருட வருமானம் போனவர் அவர். காங்கேயம் பகுதி விவசாயிகள் செத்த ஆடுகளோடு போராடிய பிறகு, 2025-ல் நாய் கடித்துச் செத்தவற்றுக்கும் அரசு இழப்பீடு அறிவித்தது. ஆகவே இனிப் பொய் எழுதச் சொல்லத் தேவையில்லை. எதற்கானாலும் கால்நடை மருத்துவரின் பரிசோதனை அறிக்கை வேண்டும். உடலை நகர்த்தாமல், பக்கத்தில் ஒரு தீப்பெட்டியை அளவுக்கு வைத்துக் கழுத்து, வயிறு, காலடித் தடம் மூன்றையும் போட்டோ எடுத்துவிடுங்கள். சிறுத்தை என்று தோன்றினால் வனத்துறைக்கு உடனே சொல்லுங்கள். அது மறுநாள் ராத்திரி மிச்சத்தைத் தின்ன வரும் என்பதால், கேமரா வைக்க அவர்களுக்கு அந்த உடல் தேவைப்படலாம்.

கோபத்தில் செத்த ஆட்டில் குருணை மருந்தைத் தூவி வைக்கிறவர்களும் உண்டு. சிறுத்தையைக் கொல்வது வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி சிறைத் தண்டனைக்குரிய குற்றம் என்பது ஒரு பக்கம். அந்த விஷம் யாரைத் தேடிப் போகும் என்பதை நீங்கள் தீர்மானிக்க முடியாது. மாயாற்றுப் பள்ளத்தாக்கில் எஞ்சியிருக்கும் பாறு கழுகுகள் அதே பிணத்தைத்தான் தின்னும். கால்நடைக்கு வலி குறையப் போட்ட டைக்ளோஃபினாக் ஊசியால், அவற்றின் பிணத்தைத் தின்ற பாறுகள் இந்தியா முழுக்கச் செத்து விழுந்து, 2006-ல் அந்த மருந்தைத் தடை செய்ய வேண்டி வந்தது. அதில் எங்கள் தொழிலுக்கும் பங்கு உண்டு.

நாய் எங்கிருந்து வருகிறது என்று கேட்டால் கையைக் காட்ட அதிக தூரம் போக வேண்டாம். கறிக்கடைக் கழிவும் பண்ணையில் செத்த கோழியும் ரோட்டோரப் பள்ளத்திலும் வாய்க்காலிலும் மூட்டை மூட்டையாகக் கிடக்கின்றன. அதைத் தின்று பெருத்த கூட்டம்தான் கழிவு வராத ராத்திரியில் பட்டிக்கு வருகிறது. அந்த நாயைத் தேடிச் சிறுத்தையும் வரும். மகாராஷ்டிரத்தின் அகோலே பகுதியில் விவசாய நிலங்களில் வாழும் சிறுத்தைகளின் எச்சத்தை ஆராய்ந்தபோது, அவை தின்ற இரையின் எடையில் 39 சதவீதம் நாய். ஆடு அதில் பாதிகூட இல்லை. பல்லடம், காங்கேயம் பக்கத்துப் பண்ணைக்காரர்கள் செத்த கோழியைக் குழிவெட்டிச் சுண்ணாம்பு போட்டு மூடினாலே போதும். பக்கத்துத் தோட்டத்தில் யார் எங்கே கொட்டுகிறார் என்பது உங்களுக்குத் தெரியும். அடுத்த கிராம சபையில் அந்த இடத்தைப் பேர் சொல்லித் தீர்மானத்தில் எழுதச் சொல்லுங்கள்.