எக்மோ ஓடும்போது வென்டிலேட்டரை ஏன் குறைக்கிறோம்?

எக்மோ என்பது ரத்தத்தை ஒரு குழாயில் வெளியே எடுத்து, ஆக்சிஜன் ஏற்றி, இன்னொரு குழாயில் உடம்புக்குள் திருப்பி அனுப்பும் இயந்திரம். அந்தப் பெயரைத் தமிழ்நாட்டில் வீட்டுக்கு வீடு கொண்டுபோய்ச் சேர்த்தது, ஜெயலலிதா சிகிச்சையில் இருந்த 2016 டிசம்பர். அப்புறம் 2020இல், எஸ்.பி.பி. சிகிச்சையில் இருந்த வாரங்களில் மறுபடியும் செய்திகளில் அடிபட்டது. ஆனால் எக்மோ போட்டபிறகு வென்டிலேட்டரை என்ன செய்கிறோம் என்பது வெளியே அவ்வளவாகத் தெரிவதில்லை. உறவினர்கள் மிரண்டுபோவதும் அங்கேதான்.

"சார், நேத்து ஒரு மூச்சுக்கு 400 மில்லி காட்டுச்சு. இன்னைக்கு 90தான் காட்டுது. மெஷினைக் குறைச்சிட்டீங்களா?" என்று ஒரு நோயாளியின் மகன் கேட்டார். ஆமாம், வேண்டுமென்றேதான் குறைத்தோம்.

கடும் நிமோனியாவில் நுரையீரல் முழுக்க ஒரே மாதிரி கெடுவதில்லை. பெரும்பகுதி நீர் கோத்து மூடிக்கிடக்கும். மிச்சமுள்ள கொஞ்சம்தான் காற்றை வாங்கும். வழக்கமான அளவு காற்றைத் தள்ளினால் அத்தனையும் அந்த நல்ல பகுதிக்கே போய் அதையும் கிழிக்கும். 2000இல் வெளிவந்த அமெரிக்க ஆய்வில், உயரத்தை வைத்துக் கணக்கிட்ட எடையில் கிலோவுக்கு 12 மில்லிக்குப் பதில் 6 மில்லி கொடுத்தபோது இறப்பு சுமார் 40 சதவீதத்திலிருந்து 31 ஆகக் குறைந்தது. எக்மோ இருந்தால் அதைவிடவும் கீழே இறங்கலாம். ஆக்சிஜன் ஏற்றுவது, கார்பன் டைஆக்சைடை எடுப்பது இரண்டையும் இயந்திரமே பார்த்துக்கொள்கிறதே!

2018இல் வெளியான இயோலியா ஆய்வில் எக்மோ பிரிவினருக்கு பிளாட்டோ அழுத்தம் (மூச்சு உள்ளே போய் நின்றதும் நுரையீரலில் இருக்கும் அழுத்தம்) 24க்கு மேல் போகாமலும், பீப் (மூச்சை விட்ட பிறகும் உள்ளே மிச்சம் நிற்கும் அழுத்தம்) 10க்குக் குறையாமலும் வைத்தார்கள். நாங்களும் ஏறக்குறைய அப்படித்தான். பீப்பையும் சேர்த்துக் குறைத்துவிட்டால் மூச்சறைகள் மொத்தமாக மடங்கிவிடும். ஓய்வு கொடுத்த முதல் சில நாட்களில் எக்ஸ்ரே இன்னும் வெளுத்துப்போவது உண்டு. அதைப் பார்த்து அழுத்தத்தைக் கூட்டக் கை துறுதுறுக்கும். அடக்கிக்கொள்ள வேண்டும்.

கவனமாக இருக்கவேண்டிய நேரம் எக்மோ தொடங்கிய முதல் சில மணி. எக்மோவுக்குள் ஓடி ரத்தத்தின் கார்பன் டைஆக்சைடை வாரிக்கொண்டு போகும் வாயுதான் ஸ்வீப் கேஸ். அதை ஒரேயடியாகத் திறந்தால் கார்பன் டைஆக்சைடு மளமளவென்று இறங்கும். அப்படிச் சடாரென்று இறங்குவதற்கும் மூளை ரத்தக்கசிவுக்கும் தொடர்பு இருக்கிறது. கொஞ்சம் கொஞ்சமாகத்தான் கூட்ட வேண்டும்.

இதயத்துக்காகத் தொடை வழியே போடும் எக்மோவில் கதை வேறு. இதயம் தேறி, நுரையீரல் தேறாமல் இருந்தால், ஆக்சிஜன் ஏறாத ரத்தம் இதயத்திலிருந்து நேரே மூளைக்குப் போகும். காலுக்குப் போவது இயந்திரத்திலிருந்து வரும் ரத்தம் என்பதால் அங்கே அளந்தால் எல்லாம் நன்றாகவே தெரியும். அதனால் விரலில் மாட்டும் கருவியும், ரத்தப் பரிசோதனையும், மூளையைப் போலவே இதயத்தின் ரத்தம் முதலில் போய்ச்சேரும் வலது கையில்தான். அங்கே அளவு குறைந்தால் வென்டிலேட்டருக்கு ஓய்வு என்ற பேச்சுக்கே இடமில்லை. ஆக்சிஜனையும் பீப்பையும் கூட்டியாக வேண்டும்.

நுரையீரல் எக்மோவை எடுக்கும் முன் வென்டிலேட்டரை மிதமான அளவுக்கு ஏற்றிவிட்டு ஸ்வீப்பை நிறுத்திப் பார்ப்போம். ரத்த ஓட்டம் அப்படியே இருக்கும். கருஞ்சிவப்பும் பளிச்சென்ற சிவப்புமாக இருந்த இரண்டு குழாய்களும் இப்போது ஒரே நிறமாகிவிடும். நோயாளி மூச்சுத் திணறாமல், ரத்த அளவுகளும் கெடாமல் சில மணி நேரம் தாங்கினால் எடுப்பதைப் பற்றிப் பேசலாம். அன்றே வென்டிலேட்டரும் போய்விடும் என்று எதிர்பார்க்காதீர்கள்; பெரும்பாலும் அது இன்னும் பல நாள் கூடவே இருக்கும்.