தந்தையின் கையெழுத்தை யார் படிப்பது? எர்னி ஓமாலியின் குறிப்பேடுகள்

1922 ஜூன் 30. டப்ளினில் ஃபோர் கோர்ட்ஸ் நீதிமன்ற வளாகம் வெடித்தபோது, அங்கிருந்த பொது ஆவணக் காப்பகத்தில் பல நூற்றாண்டுப் பதிவுகள் சாம்பலாயின. 1821 முதல் 1851 வரையிலான மக்கள்தொகைக் கணக்கெடுப்பு ஏடுகளில் பெரும்பகுதி அன்றே போயிற்று. பிரிட்டனுடன் 1921-இல் செய்துகொண்ட ஒப்பந்தத்தை எதிர்த்து வளாகத்தைப் பிடித்து வைத்திருந்த படை அன்று சரணடைந்தபோது அதன் பொறுப்பில் இருந்தவர் எர்னி ஓமாலி. பின்னாளில் இதே ஓமாலிதான் ஊர் ஊராகப் போய், 400-க்கும் மேற்பட்ட பழைய விடுதலைப் போராளிகளைப் பேசவைத்து, ஏடு ஏடாக எழுதி வைத்தார்.

அயர்லாந்து அரசும் 1947 முதல் 1957 வரை 1,773 வாக்குமூலங்களைச் சேகரித்தது. அவை 2003 வரை பூட்டியே கிடந்தன. ஒப்பந்தத்தை ஏற்றவர்களுக்கும் எதிர்த்தவர்களுக்கும் இடையே நடந்த உள்நாட்டுப் போரில் தோற்ற எதிர்ப்புத் தரப்பினர் பலர் அரசின் அதிகாரிகளிடம் வாய் திறக்க மறுத்தார்கள். ஓமாலி அவர்களோடு நின்றவர், அவரிடம் பேசினார்கள். அதனால் அவருடைய ஏடுகளில் இருக்கும் பல செய்திகள் வேறெங்கும் இல்லை.

1957-இல் அவர் இறந்தபோது இளைய மகன் கோர்மக்குக்கு வயது 14. தாய் ஹெலன் ஹுக்கர் அமெரிக்கச் சிற்பி. மகன் அவரிடம் அமெரிக்கா சென்று, பின்னர் வழக்கறிஞரானார். தந்தையின் கடிதங்களையும் நேர்காணல்களையும் பதிப்பிப்பதைப் பல பத்தாண்டுப் பணியாக எடுத்துக்கொண்டார். ஏடுகள் டப்ளின் பல்கலைக்கழகக் கல்லூரியின் ஆவணக் காப்பகத்திலும், தாள்களின் இன்னொரு பகுதி நியூயார்க் பல்கலைக்கழக நூலகத்திலும் இருக்கின்றன. ஆய்வாளர் கடலின் இரு கரையிலும் தேட வேண்டும். குடும்பத் தாள்களைப் பிரித்துக் கொடுக்க நேர்ந்தால், எது எங்கே போனது என்ற பட்டியலை இரண்டு இடத்திலும் வைப்பது கட்டாயம்.

இந்த ஏடுகளின் உண்மையான எதிரி கரையான் அல்ல, கையெழுத்து. ஓமாலியின் எழுத்து படிக்க மிகக் கடினம். விரைவாகக் குறித்ததைப் பிறகு வேறு ஏட்டில் திரும்ப எழுதும் பழக்கமும் அவருக்கு உண்டு. ஒரே நேர்காணலுக்கு இரண்டு வடிவம் கிடைத்தால் 'சுத்தமான' பிரதியை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை எறிந்துவிடும் வழக்கம் குடும்பங்களில் அதிகம். அதைச் செய்யவே கூடாது. முதல் வடிவத்தில் சொன்னவரின் பேச்சு இருக்கும். இரண்டாவதில் எழுதியவரின் திருத்தம் இருக்கும்.

கையெழுத்தைப் படித்துப் படியெடுப்பதில் நடக்கும் தவறுகள் பெரும்பாலும் ஒரே வகை. படிக்க முடியாத சொல்லை ஊகித்து எழுதிவிடுவார்கள். பத்து ஆண்டில் ஊகமே வரலாறாகிவிடும். ஐயமுள்ள சொல்லைச் சதுர அடைப்புக்குள் கேள்விக்குறியோடு இடுங்கள். படிக்கவே முடியாததற்கு அடைப்புக்குள் மூன்று புள்ளி போதும். மூலத்தின் எழுத்துப்பிழையைத் திருத்தாதீர்கள். ஒருவர் எழுத, இன்னொருவர் மூலத்தோடு ஒப்பிட வேண்டும். சிற்றூர்ப் பெயரும் பட்டப்பெயரும்தான் கடைசிவரை சிக்கலாக நிற்கும். அதற்கு அந்த ஊர்க்காரர் வேண்டும். கெர்ரி, கால்வே, மேயோ என்று மாவட்டம் மாவட்டமாக நேர்காணல்களை வெளியிட்டபோது கோர்மக் அந்தந்த வட்டார வரலாற்றாளரை இணைப்பதிப்பாசிரியராகச் சேர்த்துக்கொண்டார். மகன் என்பதால் தந்தையின் கையெழுத்து பழகியிருக்கலாம். ஒரு குக்கிராமத்தின் குறுக்குச்சாலை எது என்று உள்ளூர்க்காரருக்குத்தான் தெரியும்.

தாளைக் கையாளும் முறை எளிது. முதலில் இருந்த வரிசையிலேயே படம் எடுங்கள். அட்டை, வெற்றுப் பக்கம், செருகிய துண்டுச்சீட்டு எதையும் விடாதீர்கள். ஸ்கேன் 400 பிபிஐ (அங்குலத்துக்கு 400 படப்புள்ளி), டிஃப் (TIFF) படக்கோப்பு, இரண்டு பிரதி, இரண்டு வேறு கட்டடங்களில். பக்க எண்ணை மென்மையான பென்சிலால் ஓரத்தில் இடுங்கள், பேனா வேண்டாம். குண்டூசி, ஸ்டேப்ளர் பின், ரப்பர் பேண்டை எடுத்துவிடுங்கள். துருவும் உருகிய ரப்பரும் தாளைத் தின்னும். செலோடேப் ஒட்டினால் பசை மஞ்சளாகி எழுத்துக்குள் ஊறும். லேமினேஷன் செய்தால் திரும்பப் பிரிக்கவே முடியாது. அமிலமற்ற உறையிலும் பெட்டியிலும், ஈரப்பதம் 35 முதல் 60 விழுக்காட்டுக்குள், ஏற்ற இறக்கமின்றி வையுங்கள். பரணும் வேண்டாம், நிலவறையும் வேண்டாம்.

அச்சில் வந்ததையே முழுமை என்று நம்பிவிடுவது இன்னொரு பிழை. ஓமாலியின் நினைவுக்குறிப்பு 1936-இல் லண்டனில் வெளியானபோது, பிரிட்டிஷ் ஆட்சியின் தலைமையிடமாக இருந்த டப்ளின் கோட்டையில் அவர் பட்ட சித்திரவதை பற்றிய பக்கங்கள் நீக்கப்பட்டிருந்தன. 1937 அமெரிக்கப் பதிப்பில் அவை இடம்பெற்றன. அந்த நூலுக்காக அவர் அவதூறு வழக்கில் தோற்று இழப்பீடும் கட்ட நேர்ந்தது. கையெழுத்துப் படியையும் ஒவ்வொரு பதிப்பையும் வைத்திருந்தால்தான் யார் எதை வெட்டினார்கள் என்பது தெரியும். தந்தையைப் பற்றிய கசப்பான வரிகளையும் சேர்த்தே வைக்க வேண்டும். பிள்ளைக்கு இது கடினம்தான்; ஆனால் பிள்ளை நீக்கிய வரியை வேறு யாரும் மீட்க முடியாது.

காப்பகத்தில் ஒப்படைக்கும்போது நன்கொடையா, வைப்பா என்பதை எழுத்தில் கேளுங்கள். வைப்பு என்றால் உரிமை குடும்பத்திடமே இருக்கும். வாரிசுகளின் பெயரைப் புதுப்பித்துக்கொண்டே வர வேண்டும். தாளின் உடைமை வேறு, பதிப்புரிமை வேறு. இரண்டையும் தனித்தனி வரியில் எழுதுங்கள். அயர்லாந்தில் பதிப்புரிமை ஆசிரியர் இறந்த ஆண்டின் முடிவிலிருந்து 70 ஆண்டு. ஓமாலி எழுதியவற்றுக்கு அது 2027 டிசம்பர் 31-இல் முடிகிறது.