நாய் "அக்கா" என்று சொல்லும், "அம்மா" என்று சொல்லாது

எங்கள் வீட்டுக் கருப்பனுக்கு இரண்டு மொழி தெரியும். "உட்காரு" என்றாலும் உட்காரும், "இரிக்கெடா" என்றாலும் உட்காரும். மீனாட்சிபுரம் பக்கம், பொள்ளாச்சிக்கும் பாலக்காட்டுக்கும் நடுவில் வளர்கிற நாய்க்கு இதெல்லாம் பெரிய விஷயமில்லை. ஆனால் பேசத்தான் பேசாது.

போன மாதம் தங்கை மகன் போனில் ஒரு படம் பார்த்துக்கொண்டிருந்தான். பேசும் நாய்கள் வருகிற குடும்பக் காமெடி, அதிலும் இரண்டாம் பாகம், தியேட்டர் பக்கமே போகாமல் நேராக டிவிடிக்கு வந்த ரகம். தமிழில் ஓடிக்கொண்டிருந்ததை ஏதோ தட்டி ஆங்கிலத்துக்கு மாற்றிவிட்டான், மறுபடி தமிழுக்கு வந்தான், அப்புறம் கேட்டானே ஒரு கேள்வி: "மாமா, அந்த ஆளு தமிழ் பேசறப்போ வாய் ஒத்து வரமாட்டேங்குது. நாய்க்கு மட்டும் எப்படி ரெண்டு பாஷையிலயும் ஒத்து வருது?"

நான் இத்தனை வருஷம் டப்பிங் படம் பார்த்திருக்கிறேன், எனக்கு இது தோன்றியதே இல்லை.

முதலில், வாயை எப்படி அசைக்கிறார்கள் என்று பார்ப்போம். 1961இல் அமெரிக்கத் தொலைக்காட்சியில் 'மிஸ்டர் எட்' என்று ஒரு பேசும் குதிரை வந்தது. உதட்டுக்கு அடியில் ஒரு நைலான் நூலைக் கொடுத்து இழுத்தார்கள், குதிரை உதட்டைச் சிலுப்பிக்கொள்ளும், மேலே ஒரு ஆள் குரல் கொடுப்பார், அவ்வளவுதான். போகப் போகக் குதிரையே பழகிக்கொண்டு, பயிற்சியாளர் குளம்பைத் தொட்டாலே உதட்டை ஆட்ட ஆரம்பித்துவிட்டதாம். வேர்க்கடலை வெண்ணெய் தடவித்தான் ஆட்ட வைத்தார்கள் என்று வெகுகாலம் ஒரு கதை உலவியது. கூட நடித்த ஆலன் யங், அது தானே கட்டிவிட்ட கதை என்று பின்னாளில் ஒப்புக்கொண்டார்.

கம்ப்யூட்டர் வந்து இந்த நூலை அறுத்தது. 1995இல் வந்த 'பேப்' என்கிற பன்றிக்குட்டிப் படம்தான் பெரிய திருப்பம், சிறந்த விஷுவல் எஃபெக்ட்ஸுக்கான ஆஸ்கரும் அதற்குக் கிடைத்தது. (பன்றிக்குட்டி மளமளவென்று வளர்ந்துவிடும் என்பதால் ஒரே கதாபாத்திரத்துக்கு 48 குட்டிகளை மாற்றி மாற்றி நடிக்க வைத்தார்கள். நம்ம ஊர் சீரியல்களில் பாதியில் ஆளை மாற்றுவதெல்லாம் ஒன்றுமே இல்லை.)

இப்போதைய வழக்கம் ஏறக்குறைய இதுதான். நிஜ நாயைத்தான் படம் பிடிப்பார்கள், கேமராவுக்குப் பக்கத்தில் பயிற்சியாளர் தீனியோடு நிற்பார். பிறகு அந்த நாயின் தலையை மட்டும் கம்ப்யூட்டரில் ஒரு முப்பரிமாண உருவமாகச் செய்து, படத்தில் நாய் தலையை எப்படியெல்லாம் திருப்புகிறதோ அப்படியே அந்த உருவமும் ஒவ்வொரு ஃபிரேமிலும் இம்மி பிசகாமல் திரும்பும்படி ஒட்ட வைக்க வேண்டும், இதில் கொஞ்சம் வழுக்கினாலும் முகத்தின் மேல் முகமூடி மிதக்கிற மாதிரி தெரியும். அசல் நாயின் ரோமத்தையே எடுத்து அந்த உருவத்தின் மேல் போர்த்துகிறார்கள். இனி தாடையைத் திறந்தால் ரோமமும் கூடவே இழுபடும். ஆனால் திறந்த வாய்க்குள்ளே பல், நாக்கு, ஈறு, எச்சில் பளபளப்பு எல்லாவற்றையும் புதிதாகச் செய்ய வேண்டும், ஏனென்றால் படம் எடுத்தபோது நாய் வாயை மூடிக்கொண்டல்லவா இருந்தது.

சினிமாவுக்கு ஒரு நொடிக்கு 24 ஃபிரேம். நாய் பத்து நொடி வசனம் பேசினால் 240 ஃபிரேமுக்கு இந்த வேலை. அதனால்தான் டிவிடிக்கென்றே எடுக்கிற இரண்டாம், மூன்றாம் பாகங்களில் ஒரு தந்திரத்தைப் பார்க்கலாம். 'பெவர்லி ஹில்ஸ் சிவாவா' என்கிற பேசும் நாய்ப் படத்தின் முதல் பாகம் 2008இல் தியேட்டருக்கு வந்தது, 2011இல் இரண்டாவதும் 2012இல் மூன்றாவதும் நேராக டிவிடிக்குப் போயின. இந்த மாதிரிச் சின்ன பட்ஜெட் படம் எதையாவது எடுத்து உட்கார்ந்து கவனியுங்கள்: நாய் முதுகைக் காட்டிக்கொண்டு பேசும், தூரத்தில் ஓடிக்கொண்டே பேசும், பேசாமல் மனசுக்குள் நினைக்கும், நாய் வசனம் ஓடும்போது கேமரா கேட்டுக்கொண்டிருக்கிற பூனையைக் காட்டும். வாய் தெரியாத ஒவ்வொரு நொடியும் மிச்சம். இதை நான் குறையாகச் சொல்லவில்லை, சிக்கனமாகக் குடும்பம் நடத்துகிறவர்களின் சாமர்த்தியம் அது.

சரி, பையன் கேள்விக்கு வருவோம். இந்த வித்தையில் பாதி வேலையைச் செய்வது நம் மூளை. 1976இல் ஹாரி மெக்கர்க், ஜான் மெக்டொனால்ட் என்ற இருவர் 'நேச்சர்' இதழில் ஒரு சோதனையை எழுதினார்கள். 'பா' என்ற ஒலியை ஓட விட்டு, 'கா' என்று சொல்கிற வாயைக் காட்டினால் பலருக்கு 'டா' என்று கேட்கிறது! (இது 'பாபு'வில் வருகிற பா, 'காந்தி'யில் வருகிற கா, 'டாக்டர்' என்பதில் வருகிற டா. தமிழில் 'பாட்டு'க்கும் 'பாபு'வுக்கும் ஒரே எழுத்துதானா என்று மலையாளம் படிக்கிற எங்கள் வீட்டுப் பிள்ளை சிரிப்பான்.) ஆக, காது தனியாகக் கேட்பதில்லை, கண்ணைக் கலந்துகொண்டுதான் கேட்கிறது. வாய் அசைவதும் சத்தம் வருவதும் ஒரே நேரத்தில் நடந்தால், சத்தம் அந்த வாயிலிருந்துதான் வருகிறது என்று மூளை தானே முடிவுகட்டிவிடும், ஸ்பீக்கர் எங்கே இருந்தாலும்.

அந்த "ஒரே நேரம்" என்பதிலும் மூளை ஒரு பக்கம் தாராளம், இன்னொரு பக்கம் கறார். ஒளிபரப்புக்காரர்கள் வைத்திருக்கிற கணக்குப்படி, சத்தம் படத்துக்கு 125 மில்லிநொடி பிந்தினால்தான் கண்டுபிடிக்கிறோம், ஆனால் 45 மில்லிநொடி முந்தினாலே, அதாவது கிட்டத்தட்ட ஒரு ஃபிரேம், உறுத்திவிடும். தென்னந்தோப்பில் நின்றவர்களுக்கு இதில் ஆச்சரியம் இருக்காது. தோப்பின் அந்தக் கோடியில், நூறு மீட்டர் தள்ளி, மரமேறுகிறவர் வெட்டிப் போட்ட குலை தரையில் விழுவது முதலில் தெரியும், தொப்பென்ற சத்தம் ஏறக்குறைய 0.3 நொடி கழித்து வரும். சத்தம் பிந்தி வந்துதான் நமக்குப் பழக்கம். குலை விழுமுன் சத்தம் வந்ததை யாரும் பார்த்ததில்லை.

அப்போ மனிதன் ஏன் மாட்டிக்கொள்கிறான்? உதட்டால். தொல்காப்பியம் பிறப்பியலில் "இதழ் இயைந்து பிறக்கும் பகார மகாரம்" என்று இருக்கிறது, பல்லும் உதடும் சேர்ந்தால் வகாரம், உதடு குவிந்தால் உ, ஊ, ஒ, ஓ, ஔ. இன்றைய அனிமேஷன்காரர்கள் சுவரில் ஒட்டி வைக்கிற வாய் வடிவப் பட்டியலும் இதே சங்கதிதான். க, ட, ற எல்லாம் வாய்க்குள்ளே நடக்கிற வேலை, வெளியே அவ்வளவாகத் தெரியாது; ப, ம மட்டும் ஊருக்கே தெரியும். டப்பிங் வசனம் எழுதுகிறவருக்குத் தலைவலியே இந்த இரண்டும்தான், திரையில் ஆள் வாய் பிளந்து நிற்கும்போது "மாப்பிள்ளை" என்று எழுத முடியாது.

நாய்க்கு உதட்டைக் குவிக்க வராது, முகத்தை ரோமம் வேறு மூடியிருக்கிறது. கம்ப்யூட்டரில் மனித உதடு மாதிரி இழுத்தால் பார்க்கவே ஒரு மாதிரி இருக்கும் என்று பெரும்பாலும் தாடையை மட்டும் ஏற்றி இறக்குவார்கள். நாம் கண்ணால் சரிபார்க்க அங்கே அதிகம் ஒன்றுமில்லை. வசனம் தொடங்கும்போது வாய் திறந்து, முடியும்போது மூடி, நடுவில் அசை விழுகிற வேகத்துக்குத் தாடை ஆடினால் போதும், அது இங்கிலீஷா தமிழா என்று யார் கண்டது.

இதையெல்லாம் சொன்னதும் பையன் கருப்பன் சாப்பிடுவதைப் போனில் படம் பிடித்து, மேலே "அம்மா, பசிக்குது" என்று தன் குரலைப் போட்டான். ஒட்டவே இல்லை. 'ம்ம' வருகிற இடத்தில் நாய் வாயைப் பிளந்துகொண்டிருந்தது. உதடு ஒட்டாமலே பாடுகிற செய்யுள் வகை ஒன்று தமிழில் உண்டு, நிரோட்டகம் என்பார்கள், துறைமங்கலம் சிவப்பிரகாசர் திருச்செந்தூர் முருகன் மேல் அப்படி ஒரு அந்தாதியே பாடியிருக்கிறார். நாய்க்கும் அந்த வழிதான் என்று சொல்லி, "அக்கா, இட்லி எங்க?" என்று மாற்றிப் போட்டோம். அட, கச்சிதம்!

என் தங்கை பார்த்துவிட்டு, "இது எப்போ இட்லி தின்னுச்சு, புட்டுன்னு மாத்துங்க" என்றாள். மாற்றிப் பார்த்தோம். 'பு'வில் கெட்டது.